நாலு மணிக்குள் ஒரு பேக்

ஒன்பது படங்கள். அதில் ஒன்றை அமுக்க வேண்டும், நாலு மணிக்குள். எனக்குக் கொடுத்திருக்கும் வேலை அவ்வளவுதான். இப்போது மணி இரண்டு நாற்பது. முந்நூற்றுப் பன்னிரண்டு தொழிலாளிகளுக்காக நிர்வாகத்துக்கு எதிரே பதினோரு மணி நேரம் உட்கார்ந்து, அவர்கள் கொண்டுவந்து வைத்த காப்பி ஆடை கட்டும்வரை அதைத் தொடாமல் இருந்து, கடைசியில் அவர்களையே பேனாவைத் தேட வைத்தவன் நான். ஒரு கம்ப்யூட்டர் விளையாட்டுக்குப் பேக் என்கிற கூடுதல் ஒட்டு ஒன்றைத் தேர்ந்தெடுக்க முடியாமல் முக்கால் மணி நேரமாக மகளுடைய லேப்டாப் முன்னால் உட்கார்ந்திருக்கிறேன். விளையாட்டு என்றால் கேரம் மாதிரியோ சீட்டு மாதிரியோ இல்லை, இதில் ஜெயிப்பதும் கிடையாது தோற்பதும் கிடையாது. உள்ளே பொம்மை மனிதர்கள் இருக்கிறார்கள். அவர்களுக்கு வீடு கட்டிக் கொடுக்கலாம், சமைக்க வைக்கலாம், தூங்க வைக்கலாம், சண்டை போட வைக்கலாம். இருக்கிற வாழ்க்கை போதாதென்று கண்ணாடிக்குப் பின்னால் இன்னொன்றை வைத்து நடத்துகிறார்கள். நடத்தட்டும். ஆனால் வாங்கிய விளையாட்டில் மழை கிடையாது. மழை வேண்டுமென்றால் மழை பேக் என்று தனியாக ஒன்று இருக்கிறது. நாய்க்கு நாய் பேக். தோட்டத்துக்கு ஒன்று, கல்யாண மண்டபத்துக்கு ஒன்று, அடுக்குமாடிக்கு ஒன்று. முழு வீட்டைக் காட்டி ஆளை உள்ளே இழுத்து, பிறகு ஜன்னல் ஜன்னலாக விற்கிறான். எட்டாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை விட்டவன் நான், மீதியை எல்லாம் கூட்டத்து வாசலில் கைக்கு வந்த பிரசுரங்களில்தான் படித்தேன், பதினாறு பக்கம், முப்பத்திரண்டு பக்கம், மட்டமான தாள். ஆனால் அந்தத் தாள் ஒன்றிலும் மழையைத் தனியாக விற்பார்கள் என்று எவரும் எழுதியிருக்கவில்லை. நாங்கள் மோசமாகத்தான் கற்பனை செய்தோம், ஆனால் இவ்வளவு மோசமாக இல்லை.

நான் கோபப்படுவது மழைக்காக இல்லை. அது எனக்குத் தெரியும். மகள் கனல்மொழி உள்ளறையில் தூங்குகிறாள், முதுகுத் தட்டு விலகி மூன்று வாரமாகப் படுக்கை. அவளுடைய வீடு பெரம்பூரில் மூன்றாவது மாடி, லிஃப்ட் கிடையாது. அதனால் டாக்டர் தரைத்தளமாகப் பார்க்கச் சொன்னார், தரைத்தளம் என்று அவளுக்கு இருந்தது அம்பத்தூரில் இந்த அப்பன் வீடு ஒன்றுதான். விருப்பப்பட்டு வந்தாள் என்று நான் சொல்லிக்கொள்ள மாட்டேன். நாற்பத்து நாலு வயது. இன்ஷூரன்ஸ் கம்பெனியில், விபத்து நடந்தது என்று வருகிற மனுக்களைப் படித்து எது உண்மை எது ஜோடனை என்று பிரிக்கிற வேலை. மாதம் ஒரு தடவை போன் செய்வாள், மருந்து தீர்ந்துவிட்டதா, தண்ணீர் வருகிறதா, வைக்கட்டுமா. ஞாயிற்றுக்கிழமை திரும்பிப் போகிறாள், இன்றைக்கு வெள்ளி. அவளுடைய ஆபீஸ்காரர்கள் படுத்துக் கிடக்கிறவளுக்குப் பொழுது போகட்டும் என்று பரிசுக் கூப்பன் ஒன்று அனுப்பியிருக்கிறார்கள், அதைக் கொடுத்தால் ஒரு பேக் கிடைக்கும், ஒன்றே ஒன்று. கூப்பன் இன்று நாலு மணியோடு செல்லாது. மாத்திரை போட்டால் எழுந்திருக்க மாட்டேன் என்றாள், லேப்டாப்பை என் பக்கம் திருப்பி வைத்தாள், எதை அமுக்கினால் முடியும் என்று காட்டினாள். சரி, எது வேண்டும் சொல் என்று கேட்க நான் வாயைத் திறப்பதற்குள், "நீங்க எதை எடுத்தாலும் சரிப்பா" என்று சொல்லிவிட்டு, சுவரைப் பிடித்துக்கொண்டு போய்ப் படுத்துவிட்டாள். எதை எடுத்தாலும் சரி. எதிர்த்தரப்பு இப்படிச் சொன்னால் உடனே எழுந்து வெளியே வந்துவிட வேண்டும் என்று சங்கத்தில் என் கூட்டாளி மாசிலாமணி சொல்வான், ஏற்கனவே முடிவு செய்துவிட்டவன்தான் அப்படிப் பேசுவான் என்பான். அவள் எதை முடிவு செய்துவிட்டாள்? இருபத்தேழு வருடத்தில் அவள் என்னிடம் கேட்ட முதல் காரியம் இது. தண்ணீர் எடுத்துத் தாருங்கள், ஃபேனைக் குறையுங்கள் என்பதெல்லாம் கணக்கில் சேராது, நோயாளி யாரிடமும் கேட்பாள். இதை என்னிடம்தான் கேட்டாள். நான் தப்பாக எடுத்தால் கோபிக்க மாட்டாள், நல்லா இருக்குப்பா என்பாள், அந்தக் குரலை எனக்குத் தெரியும். ஞாயிற்றுக்கிழமை ஆட்டோ வரும், திரும்ப மாதம் ஒரு போன், தண்ணீர் வருகிறதா, வைக்கட்டுமா, இப்படியே ஒரு நாள் அந்தப் போனை எடுக்க ஆள் இருக்காது.

முதல் படத்தில் நாய். வேண்டாம், அவளுக்கு நாயென்றால் பயம், இல்லை, பயந்தது சின்ன வயதில், இப்போது பயமா என்று எனக்கு எப்படித் தெரியும். இரண்டாவது மழை. அதை எடுத்தால் மழைக்கு விலை வைத்ததை ஒப்புக்கொண்ட மாதிரி ஆகும். மூன்றாவது கல்யாணம். அவள் கல்யாணம் செய்துகொள்ளவில்லை, இதை எடுத்தால் குத்திக்காட்டுவதாக நினைப்பாள், எடுக்காமல் விட்டாலும் நினைத்திருப்பாள். நாலாவதில் ஒரு குடும்பம் சாப்பாட்டு மேஜையைச் சுற்றி உட்கார்ந்து சிரிக்கிறது, அதைப் பார்க்கவே எனக்கு எரிச்சலாக வருகிறது, எதற்குச் சிரிக்கிறார்கள், தட்டில் ஒன்றும் இல்லை. ஆறாவது அடுக்குமாடி. ஏழாவது தோட்டம். எட்டாவது வேலைத்தலம். ஒன்பதாவது ஏதோ பேய் பிசாசு, மண்டபமெல்லாம் புகை. திரும்ப முதலிலிருந்து வருகிறேன், நாய், மழை, கல்யாணம், மேஜை, அடுக்குமாடி. மறுபடியும். ஒவ்வொரு தடவையும் கண் நாலாவதிலிருந்து ஆறாவதற்குத் தாவுகிறது, தாவுகிறது என்று தெரிந்துகொண்டேதான் தாவ விடுகிறேன். தெருவில் பழைய இரும்பு பழைய பேப்பர் என்று ஆட்டோவில் பதிவு செய்த குரல் போகிறது. ஒரே ஆள் ஒரே தடவை பேசி வைத்துவிட்டு வீட்டில் உட்கார்ந்திருக்கிறான், குரல் மட்டும் ஊரெல்லாம் சுற்றுகிறது, தொண்டை கட்டுவதில்லை, வெந்நீர் கேட்பதில்லை. என் தொண்டை இரண்டு தடவை ரத்தம் கக்கியிருக்கிறது. ஷிப்ட் மாறுகிற நேரத்தில் மைக் இல்லாமல் கம்பெனி கேட்டில் நின்று பேசியது. என் மனைவி சம்பூரணம் மிளகுக் கஷாயம் வைத்துத் தருவாள், குடித்துவிட்டுப் பேசாமல் கிடங்கள் என்பாள், வீட்டில்தான் பேசாமல் கிடக்கிறேனே என்பேன். அது உண்மை. வெளியே அவ்வளவு பேசியவன் வீட்டில் பேசியதில்லை. அவள் போய் ஆறு வருடம் ஆகிறது. ஐந்தாவது படத்தைப் பார்த்துத் தொலை. சிவப்புச் செங்கல் கட்டடம், மணிக்கூண்டு, புத்தகத்தை மார்போடு அணைத்துக்கொண்டு நிற்கிற பொம்மைப் பெண். கல்லூரி பேக்.

பார்த்தாகிவிட்டது, கண்ணை எடுத்தாகிவிட்டது. விரல் பட்டுத் தானாக எதையாவது வாங்கிவிடுமோ என்று லேப்டாப்பை விட்டுக் கொஞ்சம் தள்ளி உட்கார்ந்தேன். தள்ளி உட்கார்ந்தது மேலும் கேவலமாக இருந்தது. பக்கத்தில் இன்னொரு ஜன்னலில் அவளுடைய விளையாட்டு ஓடிக்கொண்டிருக்கிறது, நிறுத்திவிட்டுப் போக மறந்திருக்கிறாள். அதையாவது பார்க்கலாம். ஒரு ஓட்டு வீடு, முன்னால் எங்கள் முருங்கைக்குப் பதிலாக ஏதோ ஊர் பேர் தெரியாத மரம். உள்ளே ஒரு ஆணும் ஒரு பெண்ணும். ஆணுக்கு வெள்ளைச் சட்டை, தடித்த மீசை, இடது புருவத்தில் வெட்டு. என் இடது புருவத்தில் வெட்டு இருக்கிறது, எழுபத்தெட்டில் தடியடியில் பட்டது. பெண் குட்டையாக இருக்கிறாள், செடிக்குத் தண்ணீர் ஊற்றிவிட்டுக் கையை முந்தானையில் துடைக்கிற மாதிரி இடுப்பில் துடைக்கிறாள், அங்கே முந்தானை இல்லை என்றாலும். போன வாரம் கனல் இதை எனக்குக் காட்டினாள், சிரித்துக்கொண்டேதான் காட்டினாள். காலை ஒன்பது மணி ஆனால் மீசைக்காரன் கதவைத் திறந்து தெருமுனைவரை நடப்பான், முனையில் அப்படியே மறைந்துபோவான். ஐந்து மணிக்கு அதே இடத்தில் முளைப்பான். அவன் எங்கே போனான், யாரோடு பேசினான், என்ன செய்தான், எதுவும் விளையாடுகிறவர்களுக்குத் தெரியாது. "வேலைக்குப் போயிருக்காருன்னு மட்டும் எழுதிக் காட்டும்ப்பா, அதுக்கு மேல நம்மள விடாது" என்றாள். நான் கெட்டிக்காரத்தனமாக, அதுதான் முதலாளித்துவத்தின் தந்திரம், உழைப்பு நடக்கும் இடத்தைக் கண்ணில் படாமல் வைக்கும் என்று ஒரு சின்னக் கூட்டமே போட்டுவிட்டேன். அவள் தலையாட்டிக் கேட்டாள். அவள் அதையா சொன்னாள்? எட்டு வயதுப் பெண் வாசற்படியில் நின்று பார்த்தால் நான் எப்படித் தெரிந்திருப்பேன்? தெருமுனைவரை நடப்பேன். மறைந்துபோவேன். சில நாள் ஐந்து மணிக்கு முளைப்பேன், சில நாள் மூன்று நாள் கழித்து ஜாமீனில் முளைப்பேன். கூட்டத்தைத் தவிர வேறெதற்கும் எனக்கு மூளை வேலை செய்வதில்லை. இன்னொன்று. அந்த ஓட்டு வீட்டில் மகள் இல்லை. சமையலறை, படுக்கை, திண்பண்டம் வைக்க அலமாரி எல்லாம் வைத்திருக்கிறாள், ஒரு பிள்ளையை வைக்கவில்லை. ஏன் என்று அன்றும் கேட்கவில்லை, இப்போது எழுப்பிக் கேட்கவும் முடியாது.

எட்டாவதுதான் சரி என்று தோன்றியது. வேலைத்தலம் பேக்கை எடுத்தால் மீசைக்காரனோடு கூடவே போகலாமாம், அவன் வேலை செய்யும் இடத்தில் நின்று பார்க்கலாமாம்.  விவரத்தை எழுத்துக் கூட்டிப் படித்தேன். என் ஆங்கிலம் ஒப்பந்தப் பத்திரங்களில் கற்ற ஆங்கிலம், கையெழுத்துப் போடுவதற்கு முன் எங்கே பொறி வைத்திருக்கிறான் என்று தேடிப் பிடிக்கிற ஆங்கிலம், அதனால் நிதானமாகத்தான் வரும். டாக்டர். துப்பறிகிறவர். விஞ்ஞானி. கடை முதலாளி. தீர்ந்தது. இன்னொரு தடவை படித்தேன். அவ்வளவேதான். அந்த ஊரில் ஒரு பட்டறை கிடையாது. அமுக்கினால் சுவர் எழும்புகிறது, கொத்தனார் இல்லை, சித்தாள் இல்லை, செங்கல் சுட்டவன் இல்லை. குளிர்பெட்டியைத் திறந்தால் ரொட்டி இருக்கிறது. சைக்கிள் ஓட்டுகிறார்கள், அந்தச் சைக்கிளுக்குச் செயின் எங்கிருந்து வந்தது? சீதாபதி செயின் ஒர்க்ஸில் இருபத்திரண்டு வருடம் செயின் கண்ணி அடித்தவன் கேட்கிறேன், ஒரு செயினுக்கு நூற்றுப் பன்னிரண்டு கண்ணி, அதில் ஒன்று உங்கள் ஊரில் எவன் அடித்தான்? அறை காலியாக இருக்கிறது, நான் யாரைப் பார்த்துக் கேட்கிறேன். அடுத்த வீட்டில் குக்கர் விசில் அடிக்கிறது, மூன்றேகாலுக்கு என்ன சமையல். கண் எட்டிலிருந்து வழுக்கி ஐந்தில் போய் நிற்கிறது. சிவப்புச் செங்கல், மணிக்கூண்டு. சரி. சொல்லிவிடுகிறேன், எனக்கு நானே சொல்வதில் என்ன வெட்கம். தொண்ணூற்று எட்டு, கதவடைப்பு, அறுபத்தோராவது நாள். நிர்வாகத்து டிரஸ்ட் ஒன்று இன்ஜினீயரிங் காலேஜ் நடத்தியது. பர்சனல் மேனேஜர் சந்தானம் டிரைவரிடம் ஒரு பழுப்புக் கவர் கொடுத்தனுப்பினார். நான் வீட்டில் இல்லை. கவரின் மேல் என் பெயர் இல்லை, செல்வி ஏ. கனல்மொழி என்று இருந்தது. பிளஸ் டூவில் ஆயிரத்து எண்பத்தேழு வாங்கியிருந்தாள். படிப்பு, விடுதி எல்லாம் இலவசம், திங்கட்கிழமைக்குள் வந்து சேரவும். சம்பூரணம் அதை அரிசி டின்னுக்குப் பின்னால் வைத்திருந்தாள். ஒளித்துவைத்தாளா, பத்திரமாக வைத்தாளா என்று இன்றுவரை எனக்குத் தெரியாது. நடுவில் வீட்டுக்கு ஒரு எட்டு வந்தபோது கண்ணில் பட்டது, யாரிடமும் சொல்லாமல் எடுத்துக்கொண்டு கம்பெனி கேட்டுக்குப் போனேன்.

அது லஞ்சம். இன்றைக்கும் அதை லஞ்சம் என்றுதான் சொல்வேன், முந்நூற்றுப் பன்னிரண்டு வீட்டில் அடுப்பு அணைந்திருக்கும்போது தலைவன் வீட்டுக்கு மட்டும் ஒரு கவர் வந்தால் அதற்கு வேறு பெயர் கிடையாது. ஏற்றிருந்தால் மறுநாள் காலையில் எங்கள் சங்கம் செத்திருக்கும். திருப்பி அனுப்பியதில் எனக்குக் கடுகளவும் வருத்தமில்லை. மாசிலாமணி மைக்கைக் கையில் கொடுப்பதற்கு முன் காதருகே சொன்னான், கிழிச்சுப் போடு ஏகா, பேரைப் படிக்காதே, புள்ள பேரு. நான் படித்தேன். முழுப் பெயரையும் படித்தேன், மதிப்பெண்ணையும் படித்தேன், ஒவ்வொரு சலுகையாக நிறுத்தி நிறுத்திப் படித்தேன், என் மகளை விலை பேசுகிறார்கள் தோழர்களே என்றேன், இந்த ஏகாம்பரம் தன் ரத்தத்தையும் சேர்த்துத்தான் இந்தப் போராட்டத்தில் வைத்திருக்கிறான் என்றேன், பிறகு கிழித்தேன். அந்தக் கைதட்டல் இருக்கிறதே. கேட் இரும்பு அதிர்ந்தது. அறுபத்தோரு நாள் பசியில் கிடந்த ஆட்கள், எங்கிருந்து அவ்வளவு பலம் வந்ததோ, நிற்கவே இல்லை, நான் இரண்டு தடவை கை காட்டியும் நிற்கவில்லை. அது இல்லையென்றால் மேற்கொண்டு முப்பத்து மூன்று நாள் நாங்கள் தாக்குப்பிடித்திருக்க மாட்டோம். கேட்டதில் பாதி கிடைத்தது, பாதி கிடைத்ததே அந்தக் கைதட்டலால்தான். இன்றும் உடம்பு சரியில்லாத நாளில் அதைத்தான் எடுத்துக் கேட்டுக்கொள்கிறேன். கனலிடம் கேட்கவில்லை. கேட்டிருந்தால் வேண்டாம் என்று அவளே சொல்லியிருப்பாள், அப்படி வளர்த்திருந்தேன், அல்லது வேண்டும் என்று சொல்லியிருப்பாள், அந்தப் பயத்தில்தான் கேட்கவில்லையோ என்னவோ. அன்று வீட்டுக்குப் போனபோது தட்டில் சோறு போட்டு வைத்தாள். தபாலில் பி.காம். படித்தாள், கூரியர் ஆபீசில் வேலைக்குச் சேர்ந்தாள், நான் வேறொரு போராட்டத்துக்குப் போய்விட்டேன். யாரோ சொல்லித்தான் அவளுக்குத் தெரிந்திருக்கும் என்று நினைத்துக்கொண்டிருந்தேன். சம்பூரணம் காரியத்தன்று மாசிலாமணி, அவனும் பிறகு போய்விட்டான், பந்தலில் பக்கத்தில் உட்கார்ந்து, உனக்குத் தெரியாதுன்னு நெனைக்கிறேன், அன்னைக்கு கேட்டுல உன் பொண்ணு நின்னுச்சுப்பா, நான் பாத்தேன் என்றான். ஆறு வருடமாக அந்த வாக்கியம் என்னிடம் இருக்கிறது. அதை வைத்துக்கொண்டு என்ன செய்வதென்று ஒரு பிரசுரமும் சொல்லவில்லை.

ஐந்தை அமுக்கினால் மன்னிப்புக் கேட்ட மாதிரி ஆகும், அதுவும் யாரோ ஓசியில் கொடுத்த கூப்பனில், பொம்மைக் காலேஜை வைத்து. அமுக்காமல் வேறு எதையோ எடுத்தால் இருபத்தேழு வருடம் கழித்தும் இரண்டாம் தடவை அதே சீட்டைக் கிழித்த மாதிரி ஆகும். நல்ல பொறி. சந்தானம்கூட இவ்வளவு அழகாக வைத்ததில்லை. எந்தப் பக்கம் திரும்பினாலும் அந்த ஒன்பது பெட்டிக்குள்தான் திரும்ப வேண்டியிருக்கிறது, அவன் போட்ட ஒன்பது, அவன் வைத்த வரிசை. அப்போதுதான் எனக்கு உறைத்தது. எதிர்த்தரப்பு வைத்த பட்டியலில் இருந்து எதற்கு நான் தேர்ந்தெடுக்க வேண்டும்? என் வாழ்நாளில் அவர்கள் பட்டியலில் டிக் அடித்துவிட்டு வந்தது உண்டா? பட்டியலை நாம் கொடுக்க வேண்டும். பக்கத்தின் அடியில் கருத்துகளை எழுதவும் என்று ஒரு கட்டமே வைத்திருக்கிறான், எழுதாமல் விட்டால் தப்பு நம்முடையது. மேஜையில் பிசியோதெரபிக்காரர் கொடுத்த தாள் கிடந்தது, பின்பக்கம் வெறுமையாக இருந்தது. முதலில் கையால் எழுதிவிட்டுப் பிறகு அதில் ஏற்றலாம், கையால் எழுதாத கோரிக்கையில் பலம் இருக்காது. பேனாவை எடுத்தேன். ஏழு அம்சம். ஏழுதான் எப்போதும். அதற்கு ஒரு முறை இருக்கிறது, மாசிலாமணி ஏற்படுத்திய முறை. மேலே சோப்பு, துண்டு மாதிரி சுலபமானவை. நடுவில் சத்தம் போடுவதற்கு இரண்டு. கடைசி அம்சம் விட்டுக்கொடுப்பதற்காகவே எழுதுவது. அதற்கு முந்தினது, ஆறாவது, அதுதான் நமக்கு உண்மையில் வேண்டியது, அதை அடக்கமாக எழுத வேண்டும், அவர்கள் கடைசியை வெட்டிய சந்தோஷத்தில் ஆறை விட்டுவிடுவார்கள். வீட்டுக் கூடத்தில் உட்கார்ந்துதான் எழுதுவோம், கனல் ரூல் தடியால் கோடு போட்டுத் தருவாள். எழுதினேன். மழைக்குத் தனி விலை வைக்கக் கூடாது. சுவர் எழுப்புகிறவர்கள் கண்ணில் தெரிய வேண்டும். வேலைக்குப் போகிறவர் எங்கே போகிறார் என்பது வீட்டிலிருப்பவர்களுக்குத் தெரியும்படி செய்ய வேண்டும். வேலையிடம் என்று இருந்தால் அதற்கு ஒரு கேட்டும், கேட்டுக்கு வெளியே கூடி நிற்க இடமும் வேண்டும். கல்லூரி தனி பேக்காக இருக்கக் கூடாது, எல்லோருக்கும் முதல் விளையாட்டிலேயே இருக்க வேண்டும். ஆறாவதற்கு நேரம் பிடித்தது. மூன்று தடவை அடித்து எழுதினேன். கூட்டத்தில் பேசுகிறவருக்கு, கேட்டுக்கொண்டு நிற்பவர்களில் தன் வீட்டு ஆள் இருந்தால் அது தெரிய வேண்டும், பேசியதில் ஒரு பெயரையாவது பிற்பாடு திரும்ப எடுத்துக்கொள்ள வழி வேண்டும். ஏழாவது, மாத்திரை போட்டுத் தூங்குகிறவர்களை உத்தேசித்து நாலு மணி என்பதை ஆறு மணியாக நீட்டிக்க வேண்டும். அடியில் கோடு போட்டேன், தேதி போட்டேன், ஏ. ஏகாம்பரம் என்று எழுதினேன். நல்ல பட்டியல். எத்தனையோ வருடம் கழித்து ஒரு நல்ல பட்டியல். நிமிர்ந்து திரையைப் பார்த்தேன். ஒன்பது படங்களும் அப்படியே இருந்தன, மேலே கூப்பன் இருந்த இடத்தில் சாம்பல் நிறத்தில் ஒரு வரி. காலாவதி ஆகிவிட்டது. மணி நாலு பதினெட்டு.

உள்ளே கட்டில் கிறீச்சிட்டது. இடுப்புப் பெல்ட்டை ஒட்டும் சத்தம், பிறகு சுவரில் உள்ளங்கை தேயும் சத்தம், வந்துகொண்டிருக்கிறாள். என்ன எடுத்தீர்கள் என்று கேட்டாள், முகம் தூக்கத்தில் உப்பிச் சின்னப் பெண் மாதிரி இருந்தது. நாற்பது வருடத்தில் ஒரு போராட்டத்தைக்கூடத் தோற்றுவிட்டோம் என்று நான் எவரிடமும் சொன்னதில்லை. தற்காலிகப் பின்வாங்கல் என்போம், முதற்கட்ட வெற்றி என்போம், அடுத்த கட்டத்துக்குத் தயாராகிறோம் என்போம், மூன்றும் வரிசையாக வாய்வரை வந்தன. "தவற விட்டுட்டேன் கனலு, நாலு மணி தாண்டிடுச்சு" என்றேன். திரையைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள். "எதை எடுத்தாலும் சரின்னேன். ஒண்ணையும் எடுக்காம ஸ்ட்ரைக் பண்ணுவீங்கன்னு எனக்குத் தோணியிருக்கணும்" என்றாள். கோபமில்லை. அந்த நல்லா இருக்குப்பா குரலும் இல்லை. எதைத்தான் எடுத்திருக்க வேண்டும் என்று கேட்டேன், தொலைந்த பிறகுதான் கேட்க வருகிறது. மேஜை பேக், எல்லோரும் உட்கார்ந்து சாப்பிடுவார்களே, அது என்றாள், காலேஜ் பேக்கெல்லாம் போர் அடிக்கும், பொம்மைகள் பரீட்சைக்குப் படித்துக்கொண்டே இருக்கும். நான் அதுவரை பிடித்துவைத்திருந்த மூச்சை என்ன செய்வதென்று தெரியவில்லை. அதற்குள் தாளைப் பார்த்துவிட்டாள். எடுக்க நானும் கை நீட்டினேன், அவள் முந்திக்கொண்டாள். ஆபீஸில் மனுக்களைப் படிக்கிற மாதிரி ஒரு கையால் எட்டப் பிடித்தாள். முதல் வரியிலிருந்து ஆரம்பிக்கவில்லை. நேராக அடிக்குப் போய் ஒரு வரி மேலே ஏறினாள், கோடு போட்டுத் தந்தவளுக்குத் தெரியாதா எது எங்கே இருக்கும் என்று. நெடுநேரம் அந்த ஒரு இடத்திலேயே கண் இருந்தது.

"ஆறாவதை அடிச்சிடுங்கப்பா" என்றாள். "இதை அவங்ககிட்ட கேக்காதீங்க."

சொல்லிவிட்டு நாற்காலியை இழுத்து, முதுகு வளையாமல், ஒரு கையை என் தோளில் ஊன்றி மெதுவாக உட்கார்ந்தாள். போகவில்லை. உட்கார்ந்தாள். எந்தக் கூட்டத்திலும் எனக்கு முதல் வாக்கியம் வராமல் இருந்ததில்லை. மைக் கைக்கு வரும்போதே வாக்கியம் நாக்கில் இருக்கும். தோழர்களே என்று தொடங்க முடியாத பேச்சு எனக்கு எப்படிப் பேசுவதென்று தெரியாது, நியாயமும் காரணமும் முப்பத்து மூன்று நாளும் வரிசையாக வந்து நின்றன, ஒவ்வொன்றையும் போ போ என்று தள்ளிக்கொண்டிருந்தேன், தள்ளத் தள்ள வந்தன. அவள் அவசரப்படுத்தவில்லை. கடைசியில் மன்னிப்பு வரவில்லை, கேள்விதான் வந்தது. அன்னைக்கு எங்கே நின்னே என்று கேட்டேன்.

டீக்கடை ஓரமாக என்றாள், சைக்கிளைச் சுவரில் சாய்த்துவிட்டு. அம்மா கவர் விஷயத்தைச் சொல்லியிருந்தாளாம், அப்பா வீட்டுக்கு வரட்டும், நானே பேசுகிறேன் என்றாளாம், இவளுக்குத்தான் பொறுக்கவில்லை, கேட்டிலேயே பார்த்துவிடலாம் என்று வந்திருக்கிறாள். நெரிசலில் என் தலை மட்டும் தெரிந்ததாம். தன் பெயரை மைக்கில் கேட்டபோது முதலில் ஏதோ பரிசு கொடுக்கக் கூப்பிடுகிறார்கள் என்று நினைத்தாளாம். அதைச் சொல்லும்போது லேசாகச் சிரித்தாள். தாளை நாலாக மடித்து மேஜைமேல் வைத்தாள், மறுபடி பிரித்தாள், மறுபடி மடித்தாள்.

"எல்லாரும் கை தட்டினாங்க" என்றாள். "நானும் தட்டினேன்."

எதற்குத் தட்டுகிறோம் என்று புரியாமலா என்று கேட்டேன். அப்படியிருந்தால் நன்றாக இருக்கும் என்று வேண்டிக்கொண்டு கேட்டேன்.

"புரிஞ்சுதான்" என்றாள் கனல்மொழி. "நீங்க அவ்வளவு நல்லா பேசினீங்கப்பா."